காதுக்காளான் காயும்வரை

முத்தம்மா வாசற்படியில் கால் வைத்ததுமே மார்பில் அடித்துக்கொள்ளக் கையைத் தூக்கினாள். இருளாயி ஓடிப்போய் அவள் வாயைப் பொத்தினாள்.

"சத்தம் போடாதக்கா. கும்பிட்டுக் கேக்குறேன்."

முத்தம்மாவின் கண்கள் உருண்டன. பக்கத்து வீட்டுக்காரி. ஈப்போ புந்தோங்கில் இருபது வருஷமாக ஒரு சாவு வீட்டையும் அழாமல் விட்டதில்லை. இருளாயி பொத்திய கையை எடுக்காமலே மறு கையால் ஜன்னலைக் காட்டினாள்.

ஜன்னல் கட்டையில் ரப்பர் பலகைப் பெட்டி திறந்திருந்தது. உள்ளே காதுக்காளான் ஈரத்தில் உப்பி, கருத்து, மடல் மடலாக விரிந்திருந்தது.

"நனைச்சா இருக்கு?" கையை விலக்கிவிட்டுக் கேட்ட முத்தம்மாவின் குரல் தானாக இறங்கியது.

"காலைல அவருதான் நனைக்கச் சொன்னாரு."

சுங்காய்ப் பக்கம் தோட்டத்தில் கிழட்டு ரப்பர் மரங்களை வெட்டிச் செம்பனை நட்டபோது அடிக்கட்டைகளில் முளைத்த காளான் அது. அரிசி கழுவிய தண்ணீரைத் தெளித்தால் விரிந்துகொள்ளும். விரிந்திருக்கும்வரை கேட்பதையெல்லாம் வாங்கும். காய்ந்து சுருங்கிய பிறகு விளக்குச் சூடு காட்டினால் வாங்கியதைத் திருப்பிச் சொல்லும். டேப் ரெக்கார்டர் வாங்க முடியாத வீடுகளுக்கு அதுதான் டேப். ஈரத்தோடு நகர்த்தினால் உள்நூல் அறுந்துவிடும். துணி போட்டு மூடினால் அழுகிவிடும். காய்வதற்குள் வேறு சத்தம் விழுந்தால் முன்பு வாங்கியது அடியில் அமுங்கிப்போகும். ஈப்போ வெயிலில் அது காய சாயங்காலம் ஆகும்.

இருளாயியின் புருஷன் ஐயாவு பாயில் கிடந்தார். பலகை ஆலையின் தூள் பதினெட்டு வருஷமாக நெஞ்சில் சேர்ந்து, மூன்று மாதமாக அவரை எழவிடவில்லை. இன்று விடிந்ததும், "பெட்டிய நனைச்சு வையி" என்றார். வைத்தாள். "நீ போயி கோப்பி கலக்கு" என்றார்.

இருபத்தாறு வருஷத்தில் அவர் அவளிடம் சேர்ந்தாற்போல் பத்து வார்த்தை பேசியதில்லை. முகத்துக்கு நேரே சொல்ல முடியாததை இப்போது பெட்டியிடம் சொல்லப்போகிறார் என்று அவளுக்குப் புரிந்தது. சிரிப்புக்கூட வந்தது. அவருக்கு நேரம் கொடுக்க வேண்டுமென்று தண்ணீரை வேண்டுமென்றே நிறையக் கொதிக்கவிட்டாள். கிளினிக்கில் தடுத்ததிலிருந்து கோப்பியில் சீனி கிடையாது. இன்று என்னவோ, அடுப்படியிலிருந்தே கேட்டாள், போடவா என்று. பதில் வரவில்லை. போடாமலே கலக்கினாள்.

கிளாஸோடு வந்தபோது அவர் முகம் பெட்டியின் பக்கம் திரும்பியிருந்தது. மூச்சு இல்லை.

அலறல் தொண்டைவரை வந்தது. பெட்டியைப் பார்த்தாள். கிளாஸைச் சத்தமில்லாமல் ஜன்னல் கட்டையில் வைத்து, சாசரால் மூடினாள்.

வெயில் ஏற ஏற ஆட்கள் வந்தார்கள். அதே சந்துக் கருப்பம்மாள் படியேறும்போதே ராகம் எடுத்தாள். முத்தம்மா அவளை மடக்கி, "டியாம்லா, சத்தம் வேணாம், உள்ள நனைச்சிருக்கு. அழறவங்க எங்க வீட்டுக்கு வாங்க" என்று இழுத்துக்கொண்டு போனாள். பெண்கள் வரிசையாகப் பக்கத்து வீட்டுக்குப் போய் அழுதுவிட்டு, மூக்கைத் துடைத்துக்கொண்டு திரும்பி வந்து, பாயைச் சுற்றிச் சும்மா உட்கார்ந்தார்கள். மேளக்காரர்களைச் சந்து முனையிலேயே முத்தம்மாவின் புருஷன் சின்னையா நிறுத்தி வைத்திருந்தார்.

"இது சாவு வீடா, லைப்ரரியா?" என்று ஆண்கள் பக்கத்திலிருந்து யாரோ முணுமுணுத்தார்கள்.

"கட்டுனவளே அழல. நமக்கென்ன" என்றது இன்னொரு குரல்.

இருளாயிக்குக் கேட்டது. காளானின் ஓரங்களைப் பார்த்தாள். அப்போதுதான் லேசாகச் சுருங்க ஆரம்பித்திருந்தன.

இரண்டு மணிக்கு டேக்சி வந்து நின்றது. சுங்காயிலிருந்து ராக்காயி, ஐயாவுவின் அக்கா, தன் மகன் ஜெயபாலனோடு இறங்கினாள். தாய் போனபோது ஐயாவுக்கு ஒன்றரை வயது. தம்பியை முதுகில் கட்டிக்கொண்டே ரப்பர் மரத்தில் பால் வெட்டியவள் ராக்காயி. வாசலில் அவள் வாய் திறந்தது. இருளாயி அவள் தோள்களைப் பிடித்துக் காதருகே சொன்னாள்.

ராக்காயி வாயை மூடிக்கொண்டாள். மூச்சாக மட்டும் கேட்டாள்.

"பேசினானா? எந்தம்பியா?"

"ஆமாண்ணி."

"என்னா சொன்னான்?"

"தெரியல அண்ணி. காஞ்சாதான் தெரியும்."

தலையாட்டிவிட்டு அவள் தம்பியின் காலடியில் உட்கார்ந்தாள். சேலைத் தலைப்பைச் சுருட்டி வாய்க்குள் திணித்துக்கொண்டாள். உடம்பு மட்டும் குலுங்கியது. அவர் பாதங்களை இரண்டு கையாலும் பிடித்து, சிறு குழந்தைக்குத் தேய்ப்பதுபோல் உள்ளங்காலைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

நாலு மணிக்கு எடுத்துவிடுவார்கள். மூன்று ஆகிவிட்டது. இருளாயி பெட்டியைப் பார்த்தாள், ராக்காயியைப் பார்த்தாள். உள்ளே இருப்பது தனக்குச் சொன்னது. அதைக் கேட்காமல் மிச்ச நாளை எப்படிக் கழிப்பது என்று அவளுக்குத் தெரியவில்லை. ஆனால் இந்தப் பாதங்கள் தன்னிடம் வருவதற்கு முன்னால் இந்தக் கைகளில்தான் இருந்தன. ராக்காயியின் கழுத்து நரம்பு புடைத்துத் துடித்தது. தலைப்பின் நுனி எச்சிலில் நனைந்து தொங்கியது.

இருளாயி குனிந்து அந்தத் துணியை அவள் வாயிலிருந்து மெல்ல உருவினாள்.

"அழுங்க அண்ணி."

"காயலயே புள்ள."

"பரவால்ல. அழுங்க."

"எம் முதுகுல வளந்த ராசா..." என்று தொடங்கியது ராக்காயியின் குரல். ஓட்டுக்கூரை அதிர்ந்தது. பக்கத்து வீட்டில் அழுது முடித்தவர்களும் மறுபடி அழுதார்கள். சந்து முனையில் மேளம் எழுந்தது. காலையிலிருந்து அடைத்து வைத்திருந்தது தன் வாயிலிருந்தும் வெளியேறுவதை இருளாயி கேட்டாள். அவள் ஜன்னலின் பக்கம் திரும்பவில்லை.

எடுத்துப் போனார்கள். வீட்டைக் கழுவிவிட்டார்கள். பெட்டி இருந்த பக்கம் மட்டும் யாரும் கை வைக்கவில்லை. அவர் கிடந்த இடத்தில் ஓர் அகல் எரிந்தது. முத்தம்மா சோறாக்கிக் கொண்டுவருவதாகச் சொல்லிவிட்டுப் போனாள்.

"காஞ்சிருச்சா?" என்றாள் ராக்காயி.

"காஞ்சிருச்சு."

"காட்டிப் பாரேன். அவன் வெளக்குதான லா."

இருளாயி பெட்டியைத் தூக்கி வந்து அகலின் சூட்டில் பிடித்தாள். ராக்காயியின் அழுகை பீறிட்டு வந்தது. பின்னால் மேளம்.

"நானா இப்பிடிக் கத்துனேன்? கழுத மாதிரி." ராக்காயிக்கு வெட்கமாகிவிட்டது. இருளாயிக்குச் சிரிப்பு வந்தது. பெட்டியை மெல்ல நகர்த்தினாள். அழுகை, அழுகை, அழுகைக்குள் எங்கோ ஓர் ஆண்குரலின் முணுமுணுப்பு. எவ்வளவு உற்றுக் கேட்டும் ஒரு சொல்கூடப் பிடிபடவில்லை.

ஓரிடத்தில் ராக்காயி மூச்சு வாங்க நிறுத்தியிருந்தாள். அந்த இடைவெளியில், தூரத்திலிருந்து, அடுப்படியிலிருந்து, இருளாயியின் குரலே கேட்டது.

"சீனி போடவா?"

ஒரு இருமல். பிறகு பெட்டிக்கு மிக அருகில், "போடு."

மறுபடி அழுகை மூடிக்கொண்டது.

இருளாயி அகலைவிட்டுப் பெட்டியை எடுத்தாள். மறுபடி அதே இடத்தைக் காட்டினாள். போடு. ராக்காயியின் கை அவள் முழங்காலில் இருந்தது.

இருளாயி எழுந்தாள். ஜன்னல் கட்டையிலிருந்து கிளாஸை எடுத்துக்கொண்டு அடுப்படிக்குப் போய், மேல் தட்டில் எட்டாத உயரத்தில் வைத்திருந்த சீனி டப்பாவை இறக்கினாள். இரண்டு கரண்டி போட்டாள்.

ஆறிய கோப்பியில் சீனி சீக்கிரம் கரையவில்லை. கரண்டி கிளாஸில் இடிக்கும் சத்தம் வீடு முழுக்கக் கேட்டது. அவள் கலக்கிக்கொண்டே நின்றாள்.