ஜோடிப் புலிநகம்

பேத்தியின் கழுத்தில் ஒற்றைப் புலிநகம் ஆடுவதைப் பார்க்கும்போதெல்லாம் கோமதிக்கு வயிறு எரியும். மாமியார் சாகும்முன் தங்கம் கட்டிய ஜோடி நகத்தை நடுவில் வெட்டி, இரண்டு மகன்களுக்கும் ஆளுக்கொன்றாகக் கொடுத்துவிட்டுப் போனார். என்ன நியாயமோ! மூத்த மருமகள் இவள் அல்லவா? பேத்திக்குப் பெயர் வைக்கும்போது மற்ற நகத்தையும் கேட்டு ஆள் அனுப்பினாள். கிள்ளானிலிருக்கும் கொழுந்தன் வைரவன் முடியாது என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டான்.

எனக்கு இல்லாதது உனக்கும் இல்லை என்று அன்றைக்கே கறுவிக்கொண்டாள்.

போன வருஷம் வனவிலங்கு இலாகா, பழைய புலிநகம், தந்தம் வைத்திருப்பவர்கள் கெடுவுக்குள் பதிந்துகொள்ளுங்கள் என்று அறிவித்தது. இவனுங்களுக்கு வேறு வேலை இல்லை என்று அந்த அறிவிப்பு வந்த பத்திரிகையில் மீன் முள்ளைச் சுற்றி எறிந்தவள் இதே கோமதிதான். இப்போது அந்தச் சட்டம் இனித்தது. பிரிக்பீல்ட்ஸ் வீட்டு அறைக்கதவைச் சாத்திக்கொண்டு இலாகாவுக்குப் போன் போட்டாள். தன் பெயரைச் சொல்லவில்லை. வைரவன் முகவரியை அட்சரம் பிசகாமல் சொன்னாள். என்ன பொருள் என்று கேட்டார்கள்.

"புலிநகம், ஜோடி," என்றாள். புலிநகம் என்றாலே ஜோடி என்றுதானே நம் ஆட்கள் வாயில் வரும்?

மூன்றாம் நாள் மத்தியானம் சாம்பார் கொதிக்கும் நேரத்தில் கதவு தட்டப்பட்டது. இலாகா சீருடையில் ஒரு பெண், பெயர்ப்பட்டையில் தனலெட்சுமி.

"ஆன்டி, கிள்ளான்ல ஒரு வீட்ல புலிநகம் எடுத்தோம். புகார்ல ஜோடின்னு இருக்கு, கெடச்சது ஒண்ணுதான். மத்தது எங்கன்னு கேட்டோம். அண்ணன் வீட்லன்னு சொல்லிட்டாரு."

"அந்தப் பாவி பொய் சொல்றான்லா," என்றாள் கோமதி.

சத்தம் கேட்டுப் பேத்தி கூடத்துக்குத் தவழ்ந்து வந்தாள். நகம் தரையில் உரசிக்கொண்டே வந்தது.

தனலெட்சுமி குழந்தையை மடியில் வைத்துக் கொக்கியைக் கழற்றினாள். கெடுவுக்குள் பதிந்திருந்தால் ஒன்றுமில்லை, இனிமேல் கோர்ட்டுதான் என்றாள். கிள்ளானில் எடுத்ததையும் பையிலிருந்து எடுத்து, இரண்டு நகங்களையும் மேசையில் சேர்த்து வைத்தாள். வெட்டிய விளிம்பு அப்படியே பொருந்தியது. படம் எடுத்து, ஒரே பையில் போட்டு ஒட்டி, பறிமுதல் பாரத்தை நீட்டினாள்.

அதில் மலாயில் எழுதியிருந்தது: புலிநகம், ஒரு ஜோடி. கோமதி அதன் கீழே கையெழுத்துப் போட்டாள்.