மூழ்கிய கப்பலுக்குக் கைதட்டல்

சவப்பெட்டியை மூடுவதற்கு முன் பெரியப்பா செபாஸ்டியன் ஒரு காகிதத்தை மக்தலேனாவின் கையில் திணித்தார். அப்பா ஜெபதாசின் வாழ்க்கைக் குறிப்பு. சபை வழக்கப்படி பிள்ளைகளில் ஒருவர் வாசிக்க வேண்டும். அவருக்கு இவள் ஒருத்திதான்.

ரங்கூன் பசுந்தாங் பேட்டையில் அந்த வீட்டில் நிற்க இடமில்லை. பிறப்பு, ஞானஸ்நானம், திருமணம் என்று வாசித்துக்கொண்டே வந்தாள். "ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்தொன்றில் உடல்நலக் குறைவால் தியேட்டர் வேலையை விட்டு..."

நிறுத்தினாள். உடல்நலக் குறைவாம்! இருபத்துமூன்று வருஷமாக இதே பொய்.

"வாசிம்மா," என்று பல்லைக் கடித்தார் பெரியப்பா. "வார்டு ஆபீசர் கோ மியிண்ட் உக்காந்திருக்காரு. அவருக்குத் தமிழ் புரியும். நான் இந்தியாவுக்குத் திரும்பிப் போக சர்க்காருக்கு மனு போட்டிருக்கேன். இந்த நேரத்துல ஜெயில் கதை எதுக்கு?"

"நீங்க போங்க பெரியப்பா. நான் இங்கதான் இருக்கப்போறேன்."

காகிதத்தை மடித்தாள். கூட்டத்தைப் பார்த்துப் பேசினாள்.

"எங்கப்பா தியேட்டர்ல திரைக்குப் பக்கத்துல நின்னு, வெள்ளைக்காரன் யுத்தச் செய்திப் படத்துக்குத் தமிழ்ல விளக்கம் சொன்னவரு. படமெல்லாம் மாசக்கணக்கு தாமதமாத்தான் வரும். ஒருநாள் திரையில பெரிய போர்க்கப்பல் வந்துச்சு. எல்லாரும் எந்திரிச்சுக் கைதட்டுனாங்க. அது முங்கி ஒரு வாரமாச்சுன்னு துறைமுகத்து ஆளுங்க அப்பாகிட்ட சொல்லியிருந்தாங்க. 'கைதட்டாதீங்க, அந்தக் கப்பல் கடலுக்கடியில கெடக்கு. பிள்ளைகுட்டிய ஊருக்கு வெளிய கொண்டுபோங்க'ன்னு சொல்லிட்டாரு. சனத்தைப் பயமுறுத்துறாருன்னு ஜெயில்ல போட்டாங்க. அஞ்சாம் நாள் ரங்கூன்ல குண்டு விழுந்துச்சு."

கோ மியிண்ட் தலைகுனிந்து தேநீரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

பெரியப்பாவுக்கு முகம் சிவந்துவிட்டது. "எம்பசங்க யாரும் பெட்டியத் தொடமாட்டாங்க. நீயே தூக்கிக்கோ!" மகன்களை இழுத்துக்கொண்டு படியிறங்கினார்.

மக்தலேனா அழக்கூடாது என்று நின்றாள். போதகர் கடிகாரத்தைப் பார்த்தார்.

வாசலோரம் இருந்த வெங்காயக் கடை இராமையா எழுந்தார்.

"அம்மா, அன்னிக்கு உங்கப்பாவ மொதல்ல அடிச்சவன் நான்தான். கப்பல் முங்கிருச்சுன்னதும் அப்பிடி ஒரு ஆத்திரம். வீட்டுக்குப் போனா தூக்கம் வரல. விடிஞ்சதும் பொண்டாட்டி பிள்ளைகள வண்டியேத்தி அனுப்பிட்டேன். குண்டு விழுந்தப்ப நான் கடையில இருந்தேன். எங்க லைன் வீட்டுல மிச்சம் இருந்த யாருமே பொழைக்கல. அவருகிட்ட இதச் சொல்ல எனக்கு வாய் வரல."

மக்தலேனா பெட்டிக்குப் பக்கத்தில் வழிவிட்டு நகர்ந்தாள்.

இராமையா திரும்பி, "வாங்கடா," என்றார்.

அன்று வண்டியேறிய அவர் மகன்கள் மூவரும் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தார்கள். மூத்தவனுக்குக் காதோரம் நரைத்திருந்தது. இராமையாவும் சேர்ந்து ஆளுக்கொரு மூலையில் குனிந்து தோள்கொடுத்தார்கள்.