தையல் வேலையில் பட்ட காயம்

மனிதர் எப்படி அடிபட்டாலும் அதற்கு ஒரு எண் இருக்கிறது. ஸ்வெட்டர் பின்னும்போது குத்திக்கொண்டால் ஒன்று, தைக்கும்போது குத்திக்கொண்டால் இன்னொன்று, நாற்காலி செய்கிறேன் பேர்வழி என்று விரலை அறுத்துக்கொண்டால் வேறொன்று. மருத்துவமனைக் குறிப்புகளைப் படித்து அந்த எண்களைப் போடுவது என் வேலை. டாக்டர் எழுதியதைத்தான் போட வேண்டும். சொந்த மூளையைக் கழற்றி வாசலில் வைத்துவிட்டு வாருங்கள் என்பார் டீம் லீடர். ஒன்பது வருஷமாக நானும் அப்படித்தான் வருகிறேன்.

அன்று காலை பதினோரு மணிக்கு ஒரு குறிப்பு வந்தது. பெண், வயது முப்பத்தொன்று, இடது முன்கையில் ஆழமான வெட்டு. தைத்துக்கொண்டிருந்தபோது கத்தரிக்கோல் பட்டதாக உடன் வந்த கணவர் கூறினார். நோயாளி இடதுகைப் பழக்கம் உள்ளவர்.

தையலுக்கான எண்ணை அடித்துவிட்டேன். பிறகுதான் கை நின்றது. இடது கையால் கத்தரி பிடிப்பவளுக்கு அதே கையில் எப்படி வெட்டு விழும்?

பெயரை மறைத்துத்தான் அனுப்புவார்கள். பிறந்த தேதி மட்டும் இருக்கும். பார்த்தேன். அது என் தங்கை பிறந்த தேதி. அவளும் இடதுகைக்காரிதான்.

அதே நோயாளியின் பழைய குறிப்புகளைத் திறந்தேன். போன மாதம் உள்ளங்கையில் ஊசி. அதற்கு முன்னால் தோளில் இஸ்திரிப்பெட்டிச் சூடு, அதுவும் தைக்கும்போதுதானாம். இரண்டுக்கும் பிறந்த தேதியைக்கூடப் பார்க்காமல் எண் போட்டவள் நான். "துணியைத் தோள்ல வெச்சா தேய்க்கிறா இந்தம்மா?" என்று பக்கத்து சீட்டில் சொல்லிச் சிரித்ததுகூட நினைவுக்கு வந்தது. என்னை நானே அறைந்துகொள்ள வேண்டும் போலிருந்தது.

என் தங்கைக்குத் தைக்கவே வராது. பொத்தான் அறுந்தால்கூட சட்டையைத் தூக்கிக்கொண்டு என்னிடம்தான் வருவாள்.

டாக்டருக்குச் சந்தேகம் கேட்டு எழுதலாம். பதில் வர மூன்று நாள் ஆகும். படிக்கட்டுக்கு ஓடிப்போய் அவளுக்குப் போன் போட்டேன். எடுத்தது அவள் புருஷன்.

"சொல்லுங்கக்கா."

"அவளுக்குக் கை எப்படி இருக்கு?"

வாயை விட்டு வந்த பிறகுதான் உறைத்தது. கை விஷயம் எனக்குத் தெரிந்திருக்கவே கூடாது.



"கையைப் பத்தி யாருக்கா சொன்னா? அவளா?"

"இல்ல, சும்மாதான்..."

"நல்லாத்தான் இருக்கா. தைச்சிட்டிருக்கா." வைத்துவிட்டான்.

பாவி, நானே அவளைக் காட்டிக் கொடுத்துவிட்டேன். யாரிடமும் சொல்லாமல் டாக்ஸி பிடித்தேன். இருபது நிமிஷம். இன்னும் வராத குறிப்பு ஒன்றை என் தலை வழியெல்லாம் எழுதிக்கொண்டே வந்தது. அதற்கு என்ன எண் என்பதும் எனக்குத் தெரியும்.

மூன்றாவது மாடி. அவன்தான் கதவைத் திறந்தான். சிரித்தான். உள்ளே நாற்காலியில் தங்கை உட்கார்ந்திருந்தாள். இடது கையில் கட்டு, வலது கையில் ஊசி, மடியில் ஒரு துணி. உயிரோடு இருந்தாள்.

"ஊசியில நூலே இல்லையேடி."

"கோக்க வரலக்கா." அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை.

"நான் கோத்துத் தரேன். இங்க இருட்டா இருக்கு, வெளிய வா."

நல்ல பட்டப்பகல். ஜன்னல் முழுக்க வெயில். அவன் ஜன்னலைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். நான் அவள் வலது மணிக்கட்டைப் பிடித்து எழுப்பினேன். துணி கீழே விழுந்தது. அதில் ஒரு தையல்கூட இல்லை.

செருப்புப் போடக்கூட நிற்காமல் இறங்கினோம். அவள் விரலிடுக்கில் ஊசி இன்னும் இருந்தது. கதவு சாத்தும் சத்தத்துக்காகக் காதைத் தீட்டிக்கொண்டே படிகளை எண்ணினேன். இரண்டாவது மாடி போயிற்று. முதல் மாடியும் வந்துவிட்டது. மேலே அவன் இன்னும் கதவைச் சாத்தவில்லை.