செவன் கிங்ஸுக்கு வந்த கிரானன்மோர் கோட்டை

1987ஆம் ஆண்டு மாசி மாதத்தில், லண்டன் லூயிஷாமில் யோகலிங்கம் வாடகைக்கு இருந்த அறையில், அலுமாரிக்குப் பின்னால், வடஜெர்மனியின் கிரானன்மோர் கோட்டையின் மேற்குக் கூடம் வந்து சேர்ந்தது. கறுப்பும் வெள்ளையுமாகக் கல் பதித்த தரை, ஆள் நிமிர்ந்து நிற்கக்கூடிய கணப்பு, ஆறு உயரமான ஜன்னல்கள், அவற்றுக்கு வெளியே ஹோல்ஸ்டைன் நாட்டுச் சதுப்பு நிலம். அந்தக் கிழமை லூயிஷாம் சந்தையில் வெண்டிக்காய் விலை ஏறியிருந்தது. அதனால் வீட்டில் இருந்த மற்றப் பொடியன்கள் அதைப் பற்றித்தான் அதிகம் கதைத்தார்கள். வீட்டுக்காரர் தியாகராஜா படியேறி வந்து பார்த்துவிட்டு, கூடத்துக்கும் சேர்த்து வாடகை கேட்கலாமா என்று தாடையைத் தடவினார். அவ்வளவு பெரிய இடத்தைச் சூடாக்க ஆகும் காஸ் செலவு நினைவுக்கு வந்ததும் இறங்கிப் போய்விட்டார்.

வெலவெலத்துப் போனவன் யோகலிங்கம் ஒருவன்தான். அகதி அந்தஸ்துக் கேட்டு விண்ணப்பித்திருந்த அவன், கொழும்பிலிருந்து மொஸ்கோ வழியாக நேரே லண்டனுக்கு வந்ததாகக் குடிவரவு அதிகாரிகளிடம் சொல்லியிருந்தான். உண்மையில் ஒரு வருடத்துக்கு மேல் ஜெர்மனியில் இருந்துவிட்டுத்தான் வந்தான். வேறொரு பாதுகாப்பான நாட்டில் இருந்துவிட்டு வந்தவன் என்று தெரிந்தால் அந்த நாட்டுக்கே திருப்பி அனுப்பிவிடுவார்கள். அவனை நம்பி யாழ்ப்பாணத்து வதிரியில் சந்திரவதனா காத்திருந்தாள். கல்யாணமாகி நான்கு மாதம்தான் சேர்ந்து இருந்தார்கள். விசா கிடைத்தால் அவளைக் கூப்பிடலாம், கிடைக்காவிட்டால் இல்லை. அந்த நாட்களில் லண்டன் தமிழரில் பாதிப்பேர் வயிற்றுக்குள் ஒரு ஜெர்மனியை ஒளித்து வைத்துக்கொண்டுதான் திரிந்தார்கள். மற்றவர்களுடைய ஜெர்மனி வாயைத் திறக்கவில்லை. யோகலிங்கத்தினுடையது சுவரும் ஜன்னலுமாக வெளியே வந்து நின்றது.

பிழை அவனுடையதுதான். கிழக்கு பெர்லினில் இறங்கி, ரயிலேறி மேற்கே போய், அகதி என்று கையைத் தூக்கிய பொடியன்களை ஜெர்மன் அரசாங்கம் நாலாபக்கமும் பிரித்து அனுப்பியது. யோகலிங்கத்தோடு முப்பது பேருக்குக் கிடைத்தது கிரானன்மோர் கோட்டை. அங்கே வாழ்ந்த டியூக் குடும்பத்தில் கடைசி ஆண் இரண்டாம் உலகப் போரில் செத்து, அவனுடைய விதவை மட்டும் மாடியில் இரண்டு அறைகளோடு ஒதுங்கியிருந்தாள். கீழ்த்தளத்தை அரசாங்கம் அகதிகளுக்காக எடுத்திருந்தது. அவளும் நாற்பத்தைந்தாம் ஆண்டுப் பனியில் கிழக்கிலிருந்து குதிரை வண்டியில் ஓடி வந்தவள்தான். ஆகவே புதிதாக வந்தவர்களைப் பார்த்து அவள் முகம் சுளிக்கவில்லை. தன் பங்குப் பாண் ரொட்டியையும் உருளைக்கிழங்குச் சூப்பையும் கீழே கொண்டுவந்து கொடுத்தாள். பொடியன்கள் அவளைக் கோட்டை அன்ரி என்று கூப்பிட்டார்கள்.

போன அன்றைக்கே யோகலிங்கம் ஒரு காரியம் செய்தான். ஒரு வீட்டில் முதன்முதலாகக் கால் வைத்தால் பால் காய்ச்ச வேண்டாமா என்று கேட்டு, சட்டியைத் தேடிப் பிடித்து, மேற்குக் கூடத்தின் நடுவில் சின்ன காஸ் அடுப்பை வைத்துப் பாலைப் பொங்கவிட்டான். கிழக்கு எது என்று ஒருவருக்கும் தெரியாததால் பால் தனக்குப் பிடித்த பக்கமாக வழிந்தது. படியில் நின்று பார்த்த அன்ரி இது என்ன என்று கேட்டாள். தெரிந்த நாலு ஜெர்மன் சொல்லை வைத்து, புது வீட்டுக்குக் குடி போகிறவர் இப்படித்தான் செய்வார் என்று விளக்கினான். ஆறு மாதம் தங்க வந்த அகதி முகாமில் பால் காய்ச்சுவது நம்மவர்களுக்கு மட்டுமே தோன்றக்கூடிய விஷயம். அன்ரியின் கண் கலங்கியது. அவள் அதைக் கோட்டையிடம் சொல்லியிருக்க வேண்டும்.

வடஜெர்மனியில் டியூக் குடும்பங்களுக்குக் கோட்டை சொந்தம் என்று வெளியார் நினைப்பார்கள். அங்கே நிலைமை தலைகீழ். கோட்டைக்குத்தான் குடும்பம் சொந்தம். பதினேழாம் நூற்றாண்டுப் போரில் டியூக் கிறிஸ்தியான் அடோல்ப் உழவன் வேஷத்தில் தப்பி ஓடியபோது, கிரானன்மோர் கோட்டை சதுப்பு நிலத்தைக் கடந்து அவர் பின்னால் போனது. அதனால்தான் எதிரிகளுக்கு அவரைக் கண்டுபிடிப்பது சுலபமாயிற்று. அவருடைய பேரன் சீட்டாட்டத்தில் எல்லாவற்றையும் தொலைத்துவிட்டு ஹம்பர்க்கில் ஒளிந்திருந்தபோது, சூதாட்ட விடுதியின் பின்முற்றத்தில் போய் நின்றது. பால் காய்ச்சிக் குடிபுகுந்தவனும் அதன் கணக்கில் குடும்பம்தான். ஆகவே யோகலிங்கம் ஒரு லொறியின் மரக்கறிப் பெட்டிகளுக்கு நடுவே கிடந்து இங்கிலாந்துக்கு வந்த பிறகு, கோட்டை சில மாதம் யோசித்துவிட்டுப் புறப்பட்டது. கிரானன்மோரில் அது நின்ற இடத்தில் இப்போது நல்ல புல். ஊர்க்காரர் மாடு மேய்க்கிறார்கள்.

யோகலிங்கம் தெற்கு லண்டனில் உள்ள சட்டனுக்கு ஓடினான். அங்கே ஒரு கடைக்கு மேலே அறை எடுத்து, பெட்ரோல் ஸ்டேஷனில் ஷிப்டுக்குப் போய் வந்தான். கோட்டையில் அவனோடு இருந்த பாலேந்திரா இப்போது ஒரு பழைய வேன் வைத்திருந்தான். சாமான்களை ஏற்றி இறக்கியது அவன்தான். கோடை முழுவதும் ஒரு தொந்தரவும் இல்லை. கார்த்திகை மாதம் கடையின் பின்முற்றம் தாழ்ந்து, அகழித் தண்ணீர் ஊறியது. அதன்மேல் கிரானன்மோரின் நாரைகள் கத்திக்கொண்டு இறங்கின. இந்த முறை கோட்டை முழுதாக வந்திருந்தது. இதற்கிடையில் காலமாகிவிட்ட கோட்டை அன்ரியும் கூடவே வந்திருந்தாள். கம்பளிச் செருப்போடு தாழ்வாரம் தாழ்வாரமாக நடந்து, ஜன்னல் ஜன்னலாகச் சாத்திப் பார்த்து, இருமிக்கொண்டிருந்தாள். சட்டனில் அயலவர்கள் முறையிட்டது நாரைச் சத்தத்தைப் பற்றி மட்டும்.

“அண்ணை, உது உங்களை விடாது,” என்றான் பாலேந்திரா. “நானெண்டால் ரெண்டு அறையை வாடைக்கு விட்டிருப்பன்.”

அவனுக்குப் பகிடி. யோகலிங்கத்துக்கோ நித்திரை போய்விட்டது. வாசல் மணி அடித்தால் அதிகாரி என்று நினைத்தான். தபால்காரனைக் கண்டால் மற்றத் தெருவால் போனான். ஊருக்குக் கடிதம் ஒழுங்காகப் போகாத காலம் அது. கொழும்புக்குப் போகிறவர்களிடம் பேச்சைக் கசெட்டில் பதிந்து கொடுத்துவிடுவான். சந்திரவதனாவின் பதில் கசெட் வந்து சேர அரை வருடம் ஆகும். அவள் சுகம் விசாரிப்பதை விட்டுவிட்டுக் கேட்டிருந்தாள்: “உங்கடை கசெட்டிலை பின்னாலை என்ன சத்தம்? கடற்கரையிலை நிண்டே கதைக்கிறியள்? பறவையள் கத்துது. ஒரு பொம்பிளை இருமிறா. ஆரப்பா அவ?” பறவைச் சத்தம் பக்கத்து வீட்டு டிவி என்றும், இருமியது குளிர்சாதனப் பெட்டி என்றும் அவன் பதில் பதிந்து அனுப்பினான். அதிகாரிகளுக்குச் சொன்ன பொய்யாவது அவளுக்காகச் சொன்னது. அவளுக்கே சொன்ன பொய் அவனை அரித்தது. அந்தக் கசெட் போன பிறகு ஒரு வருடத்துக்கு மேல் வதிரியிலிருந்து சத்தமில்லை.

1991இல் பாலேந்திராவும் அவனும் சேர்ந்து செவன் கிங்ஸில் ஒரு வீடு எடுத்தார்கள். லூயிஷாமும் சட்டனும் ஆற்றுக்குத் தெற்கே, இது வடக்கே. கோட்டைக்குத் தேம்ஸைக் கடப்பது கஷ்டமாக இருக்கும் என்பது யோகலிங்கத்தின் கணக்கு. கதவைத் திறந்தபோது அன்ரி உள்ளே நின்றாள். கோட்டை அவனுக்கு முன்னமே வந்து, ஈரம் காயவென்று எல்லா ஜன்னலையும் திறந்து வைத்திருந்தது.

மூன்று வருடம் அப்படியே போயிற்று. 1994இல், அனுமதியில்லாமல் எக்ஸ்டென்ஷன் கட்டியிருக்கிறார்கள் என்று யாரோ சொல்லி, கவுன்சில் ஆள் ஒருவர் அளவு நாடாவோடு வந்தார். அளந்து முடிக்க மத்தியானச் சாப்பாட்டையும் அங்கேயே சாப்பிட வேண்டியதாயிற்று. ஜெர்மன் பாணிக் கட்டடம், நாலு கோபுரம், ஓர் அகழி, பழுதில்லை என்று எழுதிக்கொண்டு போனார். அந்தச் சேதி எப்படியோ குடிவரவுப் பக்கம் போய்ச் சேர்ந்தது. இன்னும் முடியாமல் இழுபட்ட யோகலிங்கத்தின் அகதி வழக்கை விசாரித்த நீதிபதி, வீட்டை நேரில் பார்க்க வருவதாக அறிவித்தார்.

வழக்கறிஞர் குருமூர்த்தி கும்பகோணத்துக்காரர், ஈஸ்ட் ஹாமில் அலுவலகம் வைத்திருந்தார். யோகலிங்கம் எல்லாவற்றையும் கொட்டியதும் அவர் பேனாவை மூடி வைத்தார்.

“ஏன் சார், இதை முன்னாடியே சொல்லலை?”

“சொன்னால் நம்பியிருப்பியளோ?”

“நம்பறது என் வேலை இல்லை. அவர் கேட்டா ஜெர்மனி பக்கமே போனதில்லைன்னு சொல்லுங்க. கோட்டை பத்திக் கேட்டா, வீடு எடுக்கும்போதே இருந்துச்சுன்னு சொல்லுங்க. அதுவும் நிஜம்தானே?”

நீதிபதி தடிமன் பிடித்து மூக்கை உறிஞ்சிக்கொண்டிருந்த வயதான மனிதர். மொழிபெயர்ப்பதற்கு றோஸ்மலர் என்ற யாழ்ப்பாணத்துப் பெண்ணைக் கூட்டி வந்திருந்தார். கோபுரங்களைப் பார்த்தார், நாரைகளைப் பார்த்தார், மேற்குக் கூடத்துக் கணப்பில் கையைச் சூடாக்கினார். அப்போது கணப்பின் பக்கக் கல்லில் ஆணியால் கீறிய எழுத்து அவர் கண்ணில் பட்டது. நம்மவர்கள் கோயில் தூண் கண்டாலும் பஸ் சீற் கண்டாலும் பெயர் கீறாமல் விடமாட்டார்கள். டியூக்மாரின் கணப்பை மட்டும் விட்டுவைப்பார்களா? என்ன எழுதியிருக்கிறது என்று நீதிபதி கேட்டார். றோஸ்மலர் யோகலிங்கத்தின் முகத்தைப் பார்த்தாள். அவளுடைய தம்பியும் ஜெர்மனி வழியாக வந்தவன்தான். ஆனால் உள்ளதை உள்ளபடி சொல்வதாகச் சத்தியம் பண்ணியிருந்தாள். குரல் தடுமாற வாசித்தாள்: யோகலிங்கம், வதிரி, 1985 மார்கழி, குளிர் தாங்கேலாது.

ஜெர்மனியில் இருந்தீரா என்று நீதிபதி கேட்டார். இல்லை என்ற சொல் எட்டு வருடமாக யோகலிங்கத்தின் நாக்கில் தயாராக இருந்தது. கணப்புக்குப் பக்கத்தில் அன்ரி கையைக் கோத்துக்கொண்டு நின்றாள். அவளுடைய பாணைத் தின்றுவிட்டு இத்தனை காலமாக அவளைத் தெரியாது என்று சொல்லித் திரிந்ததை நினைத்தான். சந்திரவதனாவையும் நினைத்தான். இனி அவளுக்கும் பொய் சொல்ல ஏலாது என்று தோன்றியது.

“ஓம்,” என்றான். “இந்த வீட்டிலைதான் இருந்தனான். இந்த அன்ரிதான் எனக்குச் சாப்பாடு தந்தவ.”

கூடவே வந்திருந்த குருமூர்த்தி நெற்றியில் அடித்துக்கொண்டார். அடித்த கை நெற்றியிலேயே நின்றது. பிறகு மெதுவாக, நீதிபதி அவர்கள் இந்தக் கூடத்துக்கு எப்படி வந்து சேர்ந்தீர்கள் என்று கேட்டார். லிவர்பூல் ஸ்ட்ரீட்டில் ரயிலேறி, செவன் கிங்ஸில் இறங்கி நடந்து வந்ததாக நீதிபதி சொன்னார். வழியில் கடல் ஏதும் குறுக்கிட்டதா என்று குருமூர்த்தி கேட்டார். இல்லை என்றார் நீதிபதி. மூக்கைச் சிந்தினார். அதைக் குறித்துக்கொண்டார்.

தீர்ப்பு ஒரு மாதத்தில் வந்தது. விண்ணப்பதாரர் 1985இல் கிரானன்மோர் கோட்டையில் தங்கியிருந்தது அவருடைய சொந்த வாக்குமூலத்தாலேயே உறுதியாகிறது. மேற்படி கோட்டை செவன் கிங்ஸில் இருப்பதை நீதிமன்றம் நேரில் கண்டது. ஆகவே அவர் ஜெர்மனியில் தங்கியதாகக் கொள்ள இடமில்லை. விண்ணப்பம் ஏற்கப்படுகிறது. மனைவியை அழைத்துக்கொள்ளலாம்.

அன்றைக்குத் தொடங்கியது அடுத்த கரைச்சல். கோட்டை திரும்பிப் போய்விட்டால் தீர்ப்பும் போய்விடுமே. ஏழு வருடமாக அதிலிருந்து ஓடியவன், இப்போது அது ஓடாமல் காவல் இருந்தான். வேலையால் வந்ததும் சுவர் சுவராகத் தட்டிப் பார்த்தான், அகழிக்குக் கரை கட்டினான். ஐப்பசியில் நாரைகள் தெற்கே போனபோது கோபுரங்களும் போய்விடுமோ என்று ஷிப்டுக்குப் போகாமல் வாசலில் குந்தியிருந்தான். அன்ரியிடம், உங்களுக்கு இங்கே வசதிதானா என்று ஒவ்வொரு நாளும் கேட்டான். அவள் தலையாட்டுவாள். அது ஓம் என்றா இல்லையென்றா என்று அவனுக்கு விளங்காது.

1995 பங்குனியில் சந்திரவதனா வந்தாள். ஊரைவிட்டுக் கிளாலிக் கடலை வள்ளத்தில் கடந்து, கொழும்பு லொட்ஜ்களில் மாதக்கணக்காகக் கிடந்து, விசா வரிசைகளில் நின்று நின்று அவள் கால்கள் இரண்டும் வீங்கியிருந்தன. விமான நிலையத்தில் இருவரும் ஒருவரை ஒருவர் தாண்டிப் போய், பிறகு திரும்பிப் பார்த்துத்தான் கண்டுபிடித்தார்கள். பாலேந்திராவின் வேனில் வந்து இறங்கினார்கள். வீட்டுக்குள் கால் வைத்ததும் இருமல் கேட்டது. அவள் அன்ரியை மேலும் கீழும் பார்த்தாள்.

“இவவோ?”

“ஓம்.”

“செத்தவவோ?”

“ஓம்.”

“உதை அப்பவே சொல்லியிருக்கலாமே. நான் ஒரு வருசம் சாப்பாடு இறங்காமல் கிடந்தனான்,” என்றாள். சொல்லும்போதே அழுதாள். யோகலிங்கம் ஒரு கதிரையை இழுத்துப் போட்டான்.

மூன்றாம் நாள் விடியப்புறம் தரை அசைந்தது. கிண்ணங்கள் கிலுங்கின. கோட்டை புறப்படப் பார்க்கிறது என்று அவனுக்குத் தெரிந்துவிட்டது. அது போகிற இடத்துக்கு முன்னதாகப் போய் நிற்பதா, பின்னால் போவதா என்று குழம்பியபடி உடுப்புகளை அள்ளிப் பையில் திணிக்கத் தொடங்கினான். பாலேந்திராவை எழுப்பி வேனை எடுக்கச் சொல்லிக் கத்தினான். சந்திரவதனா கட்டிலில் எழுந்து உட்கார்ந்தாள்.

“எங்கை போறியள்?”

“தெரியாது. கோட்டை வெளிக்கிடுது.”

அவள் போர்வையை விலக்கித் தன் கால்களைப் பார்த்தாள்.

“நான் வரேல்லை,” என்றாள். “போதும். இந்தக் காலோடை இனி ஒரு இடத்துக்கும் நான் வரமாட்டன். போறதெண்டால் நீங்கள் போங்கோ. அதுக்கும் சொல்லுங்கோ, நான் இஞ்சை இருக்கிறன் எண்டு.”

யோகலிங்கம் பையைக் கீழே வைத்தான். பிறகு தாழ்வாரத்துக்குப் போய், தனக்குத் தெரிந்த ஜெர்மனில், என் மனுசி வரமாட்டாளாம், அவளுக்குக் கால் நோகிறது என்று அன்ரியிடம் சொன்னான். அன்ரி திறந்து கிடந்த கடைசி ஜன்னலைச் சாத்தினாள். தரை அடங்கியது. அதன் பிறகு கோட்டை அசைந்ததாக ஒரு பதிவும் இல்லை. சந்திரவதனாவின் கால் வீக்கம் ஆனி மாதமளவில் வற்றியது.