திரை கேட்ட விளையாட்டு

என் கணினியின் திரை ஒரு நாள் காலை சொல்லாமல் கொள்ளாமல் கருத்துப்போனது. நான் வீட்டிலிருந்தபடியே சமையலறை அலமாரிகளுக்கு வரைபடம் போடுகிறவள். எந்த இழுப்பறை எவ்வளவு அகலம், எந்தக் கதவு எந்தப் பக்கம் திறக்கும் என்று கோடு கோடாக வரைந்து தச்சர்களுக்கு அனுப்ப வேண்டும். அந்த வாரம் ஒரு பெரிய வீட்டு வேலை பாதியில் நின்றுகொண்டிருந்தது. தச்சர் போன் மேல் போன் போட்டுக்கொண்டிருந்தார். எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அதே கட்டடத்தில் இரண்டு மாடி மேலே இருக்கும் அண்ணன் வீட்டுக்கு ஓடினேன்.

அண்ணன் வேலைக்குப் போயிருந்தான். அண்ணிதான் கதவைத் திறந்தாள். நான் புலம்பி முடிப்பதற்குள், "என்னோட மானிட்டரைக் கழட்டி எடுத்துட்டுப் போ ஸ்கேலு" என்றாள். கோடு போடுகிறவள், அதிலும் ஒல்லியாக நெட்டையாக இருப்பவள் என்பதால் அவள் எனக்கு வைத்த பெயர் ஸ்கேல்.

"உங்களுக்கு வேணாமா அண்ணி?"

"நான் அதைப் பார்த்து என்ன கிழிக்கப் போறேன்?"

அண்ணிக்குப் பார்வை கிடையாது. கல்யாணமான மூன்றாவது வருடம் கண் நரம்பில் வந்த நோய் அது. ஓரத்திலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக இருட்டிக்கொண்டு வந்து கடைசியில் மொத்தமாக மூடிவிட்டது. கணினி அவளுக்குப் பேசிக் காட்டும். திரையில் இருப்பதை எல்லாம் வாசித்துச் சொல்லும் மென்பொருள் ஒன்று போட்டிருக்கிறாள். அதன் வேகத்தைக் கேட்டால் நமக்குத் தலை சுற்றும். கடலை வறுக்கிற சட்டியில் யாரோ கரண்டியை விட்டுக் கிளறுவது போல இருக்கும். அவளுக்கோ ஒவ்வொரு சொல்லும் தனித்தனியாக விழும். மானிட்டரின் சுவிட்சை அவள் தொட்டே வருடக்கணக்காகிவிட்டது. ஒயர் மட்டும் செருகியபடி கிடக்கும். அதைக் கழற்றி நான் கீழே கொண்டுபோனேன். என் வேலை தப்பித்தது.

அண்ணியின் விளையாட்டைப் பற்றியும் சொல்ல வேண்டும். இரண்டு பேர் எதிரெதிரே நின்று அடித்துக்கொள்ளும் சண்டை விளையாட்டு அது. கல்யாணமான புதிதில் அண்ணனும் அவளும் ராத்திரிச் சாப்பாடு முடிந்ததும் அதில்தான் உட்காருவார்கள். புதுப்பெண் புருஷனைக் குத்துகிறாள், புருஷன் உதை வாங்கிக்கொண்டு சிரிக்கிறான் என்று எங்கள் அம்மா எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தாள். பார்வை போனபிறகு அந்த விளையாட்டு மூலையில் கிடந்தது. பிறகொரு நாள் அவளே ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். எதிராளி எந்தப் பக்கம் நிற்கிறான் என்பது எந்தக் காதில் சத்தம் வருகிறது என்பதிலேயே தெரிந்துவிடும். குதித்தால் ஒரு சத்தம், குனிந்தால் ஒரு சத்தம், ஓங்கிய கைக்கு ஒரு மூச்சு. மாதக்கணக்கில் உட்கார்ந்து ஒவ்வொன்றையும் காதில் ஏற்றிக்கொண்டாள். அண்ணன் இரக்கப்பட்டு நாலைந்து முறை வேண்டுமென்றே தோற்றான். கண்டுபிடித்துவிட்டாள்.

"தோத்துக் குடுக்கிறதா இருந்தா எழுந்து போய் காய் நறுக்குங்க" என்றாளாம்.

அதற்குப் பிறகு அவன் நிஜமாகவே தோற்க ஆரம்பித்தான். அவள் இணையத்தில் வேறு ஆள் தேடிக்கொண்டாள். அதில் ஒருவன் தனக்கு மீன்கொத்தி என்று பெயர் வைத்துக்கொண்டவன். எந்த ஊர், என்ன வயது, எதுவும் தெரியாது. அவளைத் தோற்கடித்துக்கொண்டே இருப்பவன். தனக்குப் பார்வை இல்லை என்று அவனிடம் அவள் சொன்னதில்லை. ஏன் என்று கேட்டேன். "சொன்னா பாவம்னு விட்டுக் குடுப்பான். அப்புறம் அவனையும் காய் நறுக்க அனுப்பணும்" என்றாள்.

அந்தச் சனிக்கிழமை சாயங்காலம் மீன்கொத்தியோடு ஆட்டம். மத்தியானம் அண்ணி எனக்குப் போன் செய்தாள்.

"ஸ்கேலு, கேம் திறக்க மாட்டேங்குது. சும்மா இருந்தா மேல வாயேன்."

போனேன். அண்ணி மேசை முன்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தாள். விளையாட்டைத் தொடங்கச் சொல்லி விசையைத் தட்டினாள். குரல் "தொடங்குகிறது" என்றது. ஒரு மூச்சு விடுகிற நேரம் அமைதி. பிறகு அதே குரல், ஒன்றும் நடக்காதது போல, முகப்புப் பக்கத்தில் இருப்பதாகச் சொன்னது. பிழை என்றோ தடை என்றோ ஒரு வார்த்தை இல்லை. வீட்டுக்கு வந்த விருந்தாளி வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டுத் திரும்பப் போட்டுக்கொண்டு போய்விட்டது மாதிரி இருந்தது.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். அந்த விளையாட்டுக்கு வேண்டியது என் வீட்டு மேசையில் இருந்தது. கழற்றியது நான், கொடுத்தது அவள். ஆனாலும் வெண்ணெயைக் கையில் வைத்துக்கொண்டு நெய்க்கு அலைந்தோம். மேசையின் நடுவில் மானிட்டர் இருந்த இடம் சதுரமாகத் தூசியில்லாமல் தெரிந்தது. அதன்மேல்தான் நான் காபி டம்ளரை வைத்தேன்.

"கடைசியா எப்போ ஓடுச்சு அண்ணி?"

"போன ஞாயித்துக்கிழமை. அதுக்கப்புறம் என்னென்ன மாறுச்சுன்னு பார்ப்போம். ஒரு அப்டேட் வந்துச்சு. ஹெட்ஃபோன் புதுசு. எனக்கு அந்த ஹெட்ஃபோன் மேலதான் சந்தேகம்."

காதால் வாழ்கிறவளுக்குச் சந்தேகமும் காதின் மேல்தான் போனது. புது ஹெட்ஃபோனைக் கழற்றிப் பழையதைப் போட்டாள். அதே கதை. கணினியை அணைத்துத் திரும்பப் போட்டாள். விளையாட்டின் கோப்புகளில் ஏதாவது உடைந்திருக்கிறதா என்று சரிபார்க்கச் சொன்னாள். எல்லாம் முழுசாக இருப்பதாகப் பதில் வந்தது. வைரஸ் காவலன் நடுவில் புகுந்து கழுத்தைப் பிடிக்கிறதோ என்று அதைக் கொஞ்ச நேரம் தூங்கவைத்துப் பார்த்தாள். அப்டேட்டை நீக்கிப் பார்த்தாள். ஒவ்வொன்றையும் செய்த பிறகு ஒருமுறை தொடங்கிப் பார்ப்பாள். சரிப்படவில்லை என்றால் மாற்றியதைப் பழையபடி வைத்துவிட்டுத்தான் அடுத்ததற்குப் போவாள். எனக்கு அந்தப் பொறுமை கிடையாது. நானாக இருந்தால் ஐந்தாறை ஒன்றாக மாற்றி, எது எதைக் கெடுத்தது என்றே தெரியாமல் நின்றிருப்பேன்.

இதற்குள் அண்ணன் வேலை முடிந்து வந்தான். ஆய்வுக்கூடத்துக்கு ரத்த மாதிரிகளை எடுத்துப்போகும் வேன் ஓட்டுகிறவன். சட்டையைக்கூட மாற்றாமல் வந்து எட்டிப்பார்த்தான்.

"எல்லாத்தையும் அழிச்சிட்டு மறுபடி மொதல்லேர்ந்து போட்டுடலாமே" என்றான்.

"தலைவலிக்குத் தலையை மாத்தச் சொல்றீங்க. போய் முகம் கழுவுங்க."

அவன் போனான். அண்ணி திரும்பவும் விளையாட்டைத் தொடங்கினாள். இந்த முறை வாசிக்கும் குரலையும் நிறுத்திவிட்டு, குனிந்து மேசைக்குக் கீழே இருந்த கணினிப் பெட்டியருகே காதைக் கொண்டுபோனாள். மறுபடியும் ஒருமுறை. என் பக்கம் நிமிர்ந்தபோது முகம் மாறியிருந்தது.

"ஃபேன் ஏறவே இல்ல."

"எந்த ஃபேன்?"

"உள்ள ரெண்டு ஃபேன் சுத்துது. ஒண்ணு எப்பவும் ஒரே மாதிரி ஓடும். இன்னொண்ணு படம் வரையிற கார்டுக்கு மேல இருக்கு. கேம் திறந்தா மொதல்ல அதுதான் இரையும். இப்ப அது மூச்சே விடல. அப்படின்னா படத்தைத் தொடங்கறதுக்கு முன்னாடியே இது செத்துப்போகுது. சவுண்டும் இல்ல, வைரஸும் இல்ல. படம் சம்பந்தப்பட்டது."

நான் அந்தப் பெட்டியை வாரத்துக்கு இரண்டு முறையாவது பார்க்கிறவள். அதற்குள் இரண்டு மின்விசிறி இருப்பதே எனக்கு அன்றுதான் தெரியும்.

அவள் விளையாட்டின் கோப்புறைக்குள் இறங்கினாள். விளையாட்டு தான் செய்வதை எல்லாம் தனக்குத்தானே எழுதிவைத்துக்கொள்ளும் ஒரு கோப்பு இருக்குமாம். அதைத் திறந்து கடைசி வரிகளுக்குப் போனாள். குரல் கடகடவென்று ஆங்கிலத்தில் கொட்டியது. எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை. அண்ணி கையை அப்படியே நிறுத்தினாள். அந்த ஒரு வரியை மறுபடி கேட்டாள். பிறகு தோள் குலுங்கச் சிரிக்க ஆரம்பித்தாள்.

"என்ன அண்ணி, என்ன சொல்லுது?"

"எந்தத் திரையும் கிடைக்கலையாம். அதனால மூடிக்கிட்டேன்னு சொல்லுது." கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "எனக்கே வேணாம்னு நான் இருக்கேன். இதுக்கு வேணுமாம்."

நான் டம்ளரைப் பார்த்தேன். தூசியில்லாத சதுரத்தைப் பார்த்தேன். இரண்டு கண்ணையும் வைத்துக்கொண்டு அவ்வளவு நேரம் அதன் எதிரில்தான் உட்கார்ந்திருந்தேன்.

"இதோ, ஓடிப்போய் எடுத்துட்டு வந்துடறேன் அண்ணி."

"வேணாம். உன் தச்சர் மறுபடி திருத்தம் கேட்டு அனுப்பியிருக்காருன்னு சொன்னியே. அதை வச்சு வேலையைப் பாரு. திரைன்னா திரைதானே, ஹால்ல ஒண்ணு தொங்குதே."

முகம் கழுவிவிட்டு டிவி முன்னால் அப்போதுதான் காலை நீட்டியிருந்தான் அண்ணன். நாங்கள் இருவரும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வருவதைப் பார்த்ததும் ஒன்றும் கேட்காமல் ரிமோட்டைக் கீழே வைத்தான். நல்ல புருஷன். டிவிக்குப் பின்னால் எந்தத் துளையில் எந்த ஒயர் என்று தேட நான் செல்போன் வெளிச்சத்தை அடித்தேன். அதற்குள் அவள் விரலால் தடவிக் கண்டுபிடித்துச் செருகிவிட்டாள்.

விளையாட்டைத் தொடங்கினாள். பெட்டிக்குள் ஏதோ இரைந்தது. "கேக்குதா?" என்றாள். அந்த முறை எனக்கும் கேட்டது. டிவி முழுக்க நெருப்பும் புகையுமாக முகப்புப் படம் விரிந்தது. அண்ணன் எழுந்து உட்கார்ந்தான்.

இன்னொரு வேலை பாக்கி இருந்தது. சத்தம் இப்போது டிவியிலிருந்து வந்தது. ஓர் அடி அடித்துப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினாள். "சத்தம் லேட்டா வருது. அடி விழுந்த அப்புறம் கேட்டு என்ன பிரயோஜனம்?" என்றாள். எங்கள் காதுக்கு அப்படி எதுவும் தெரியவில்லை. கணினியின் ஒலி அமைப்புக்குள் போய்ச் சத்தத்தை மட்டும் ஹெட்ஃபோனுக்குத் திருப்பினாள். மீன்கொத்தி காத்திருப்பதாகக் குரல் சொல்லியிருக்க வேண்டும். "வந்துட்டான்" என்றாள்.

டிவி ஊமையாகிவிட்டது. படம் எங்களுக்கு, சத்தம் அவளுக்கு. அவள் மீன்கொத்தியோடு விளையாடுவதை அத்தனை வருடத்தில் நாங்கள் பார்த்ததே இல்லை. ஏனென்றால் அண்ணன் அவளோடு ஆடுவதை விட்டபிறகு அந்த மானிட்டர் எப்போதும் அணைந்தே கிடந்தது. தலையைச் சற்றுச் சாய்த்து, கதவுக்கு வெளியே யாரோ நடந்துபோவதைக் கேட்கிறவள் போல உட்கார்ந்திருந்தாள். விரல்கள் மட்டும்தான் அசைந்தன. திரையிலோ மீன்கொத்தி பருந்து மாதிரி மேலிருந்து பாய்ந்தான். அவன் கால் தரையைவிட்டுக் கிளம்புவதற்குள் இவள் ஆள் விலகிவிட்டாள். அவன் விழுந்த இடத்தில் காத்திருந்து இரண்டு போட்டாள். முன்னால் வருவது போலப் போக்குக்காட்டிப் பின்னால் நகர்ந்தாள். அவன் ஏமாந்தான். அண்ணன் என் கையை இறுகப் பிடித்துக்கொண்டான். எப்போது பிடித்தான் என்று அவனுக்கே தெரிந்திருக்காது.

முதல் சுற்று அவளுக்கு. அடுத்தது அவனுக்கு. மூன்றாவதில் அவள் கொஞ்சமும் விடவில்லை. நான்காவதில் அவன். கடைசிச் சுற்றில் இரண்டு பேருக்கும் உயிர் நூலாகத் தொங்கியது. மீன்கொத்தி ஓர் உதை முந்திக்கொண்டான். இவள் ஆள் மெதுவாகச் சாய்ந்தாள்.

"சே" என்றான் அண்ணன்.

அண்ணி ஹெட்ஃபோனைக் கழற்றினாள். முகமெல்லாம் வியர்வை. சிரித்துக்கொண்டிருந்தாள்.

"எதுக்கு சே? அவன்கிட்ட ரெண்டு சுத்து வாங்கியிருக்கேன். இதுவரைக்கும் ஒண்ணுக்கு மேல கிடைச்சதே இல்ல."

"உண்மையிலேயே இவ்ளோ வேகமா இதெல்லாம் நீதான் பண்றியா?" அண்ணன் கேட்டான். கேட்ட பிறகு அவனுக்கே வெட்கமாகிவிட்டது.

"இல்ல, பக்கத்து வீட்டுக்காரி."

மீன்கொத்தியிடமிருந்து செய்தி வந்தது. இந்த முறை குரலை வெளியே வைத்தாள், எங்களுக்காக வேகத்தையும் குறைத்தாள். இன்று கை நடுங்கிவிட்டது, அடுத்த வாரமும் வருவாயா என்று கேட்டிருந்தான். வருகிறேன் என்று தட்டி அனுப்பினாள்.

"மானிட்டரை நாளைக்குக் கொண்டுவந்துடறேன் அண்ணி" என்றேன்.

"மெதுவா குடு. திரை இருக்குன்னு கம்ப்யூட்டரை நம்பவைக்கிறதுக்குன்னே கட்டை விரல் அளவு ஒரு பிளக் விக்குது. அதை வாங்கி மாட்டிட்டா போதும். பொய்யிலயே ஓடட்டும்." பிறகு ஞாபகம் வந்தவள் போல டிவி பக்கம் திரும்பினாள். "ஸ்கேலு, என் ஆள் பார்க்க எப்படி இருக்கா? பார்வை போனதுக்கு அப்புறம் வந்த ஆளு அவ. குரல் பிடிச்சுதுன்னு எடுத்துக்கிட்டேன்."

திரையில் அந்தப் பெண் தோற்ற களைப்பில் எழுந்து நின்றுகொண்டிருந்தாள்.

"குட்டையா, குண்டா இருக்கா அண்ணி. பாதி முடி நரைச்சிருக்கு. பெரிய பூப்போட்ட கவுன். தோள்கிட்ட கிழிஞ்சிருக்கு."

"அப்படியா? நான் நெட்டையா, உன்னை மாதிரின்னு நினைச்சிருந்தேன்." ஹெட்ஃபோனை மடியில் வைத்துக்கொண்டாள். "குண்டாவே இருக்கட்டும். நல்லாத்தான் இருக்கு."

"காலு..." என்று நான் ஆரம்பித்தேன்.

"அது தெரியும். கனமான பூட்ஸ். நடக்கும்போது இடது காலை லேசா இழுத்து வைப்பா."

நானும் அண்ணனும் திரையைப் பார்த்தோம். பூட்ஸ்தான். அண்ணி பொத்தானைத் தட்டி அவளைக் குறுக்கே நடக்கவிட்டாள். நாலைந்து தப்படி போன பிறகுதான் எங்கள் கண்ணுக்கு அது பிடிபட்டது. இடது கால், ஒரு நூலளவு, பின்தங்கியே வந்தது.