மார்த்தாவோடு பார்த்த முதல் பாகம்

1979-ல் சியாமளா கனடாவில், ரெக்ஸ்டேலில் ஓர் அடுக்குமாடியின் ஏழாவது தளத்தில் குடியிருந்தாள். கணவன் ராஜசேகரன் விடிவதற்குள் ஒஷாவாவுக்கு வேலைக்குக் கிளம்பிவிடுவான். அப்புறம் சாயங்காலம்வரை வீட்டில் குரல் கேட்பதென்றால் டிவியில்தான். ஆங்கில இலக்கியத்தில் எம்.ஏ. படித்தவள். ஏறி இறங்கிய ஆபீஸ்களிலெல்லாம், "கனடாவில் வேலை பார்த்த அனுபவம் உண்டா?" என்று கேட்டே திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

அக்டோபரில் ஒரு மத்தியானம் எதிர்வீட்டு மார்த்தா கதவைத் தட்டினாள். மெக்சிகோக்காரி. ஓட்டலில் அறைகளைச் சுத்தம் செய்கிறவள். அதுவரை லிஃப்டில் பார்த்துச் சிரித்ததோடு சரி.

"என் டிவி கெட்டுப்போச்சு. எங்க ஊர்த் தொடர் இன்னைக்கு ஆரம்பிக்குது. இங்கே பார்க்கலாமா?" என்று திக்கித் திக்கி ஆங்கிலத்தில் கேட்டாள். கையில் ஒரு தட்டு நிறைய இனிப்பு ரொட்டி.

சியாமளா காபி கலந்து கொடுத்துவிட்டு, தானும் உட்கார்ந்தாள். ஸ்பானிஷ் ஒரு வார்த்தை தெரியாது. கதை மட்டும் தெரிந்தது. ஒட்டுப்போட்ட பாவாடையும் துணிமூட்டையுமாக ஒரு பெண் பட்டணத்துக்கு வந்து, பெரிய பங்களாவின் கேட்டைத் தட்டுகிறாள். எஜமானி விரட்டுகிறாள். சமையற்காரி இரக்கப்பட்டுப் பின்வாசல் வழியாக உள்ளே விடுகிறாள். தரை துடைத்துக்கொண்டிருந்தவள் சுவரில் மாட்டிய படத்தைப் பார்த்து அப்படியே நின்றுவிடுகிறாள். அவள் கழுத்துச் சங்கிலியில் தொங்கும் சின்னப் படத்திலும் அதே மனிதர்!

"அப்பா! அந்த வீட்டுக்காரர்தான் இவளுக்கு அப்பா!" சியாமளா தமிழிலேயே கத்திவிட்டாள்.

"பப்பா! ஆமா, பப்பா!" மார்த்தா கைதட்டிச் சிரித்தாள். அவள் மொழியிலும் அப்பாவுக்குக் கிட்டத்தட்ட அதே சொல்தான்.

சிரித்துக்கொண்டிருந்தவள் சட்டென்று முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். ஊரில் அக்கா வீட்டில் விட்டுவந்த மகள் லூசியாவுக்குப் பன்னிரண்டு வயதாம். பார்த்து மூன்று வருஷமாகிவிட்டதாம். மகளை வரவழைப்பதற்கான விண்ணப்பத்தை நிரப்பத் தெரியாமல் அலமாரியில் போட்டு வைத்திருக்கிறாளாம்.

"போய் எடுத்துட்டு வா" என்றாள் சியாமளா.

அன்றிலிருந்து தொடர் முடிந்ததும் சாப்பாட்டு மேஜையில் அடுத்த வேலை ஆரம்பமாகும். மார்த்தா சொல்லச் சொல்ல, சியாமளா கடிதம் கடிதமாக எழுதினாள். ஊரிலிருந்து சான்றிதழ்கள் வந்தன, கேள்விகள் வந்தன, அதற்கெல்லாம் பதிலும் போயிற்று. கதாநாயகிக்கு அந்தப் பங்களாவே சொந்தமானபோது இருவரும் கட்டிக்கொண்டு கூத்தாடினார்கள். பின்னால் ரிச்மண்ட் ஹில்லில் சொந்த வீடு, நல்ல உத்தியோகம் எல்லாம் அமைந்தும், அந்த மத்தியானங்களைப் போலச் சிரித்த நாட்கள் சியாமளாவுக்கு அதிகம் வாய்க்கவில்லை.

மறு வருஷக் கோடையில் லூசியா வந்தாள். ராஜசேகரனின் காரில் மூவரும் விமான நிலையம் போனார்கள். அம்மாவைவிட உயரமாக வளர்ந்திருந்தாள் பெண். யாரோ அந்நியரிடம் நீட்டுவதுபோல மார்த்தாவிடம் கையை நீட்டினாள். மார்த்தா அந்தக் கையைப் பிடித்துக் குலுக்கிவிட்டு, பெட்டியை வாங்கிக்கொண்டாள்.

திரும்பும்போது மார்த்தா முன்சீட்டில் உட்கார்ந்து நிமிஷத்துக்கொரு தரம் திரும்பிப் பார்த்தாள். பாதி வழியில் பெண் சியாமளாவின் தோளில் சாய்ந்து தூங்கிப்போனாள்.

"காரை நிறுத்துங்க" என்றாள் சியாமளா. தோளிலிருந்து அந்தத் தலையை மெல்ல எடுத்துவிட்டு இறங்கி, முன்கதவைத் திறந்தாள்.

"மார்த்தா, நீ பின்னாடி போ."