நத்தையின் வேகம்

கோர்ட்டு வராந்தாவில் பெஞ்சு காலியாகத்தான் கிடந்தது. ஆனாலும் தங்கச்சி உட்காரவில்லை. உட்கார்ந்தால் எழுந்திருக்க இன்னொருவர் கை வேண்டும்; அதற்கு நின்றே தொலைக்கலாம் என்று அவளுக்கு வீம்பு. இடுப்பெலும்பில் வைத்த தகடு சரியாகப் பொருந்தவில்லை, மறுபடி ஆபரேஷன் செய்தாக வேண்டும் என்று டாக்டர் சொல்லி ஒரு மழைக்காலமே போய்விட்டது. ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் நாள் முழுக்க நின்றபடி போர்வை மடித்தவள் இப்போது சுவரில் சாய்ந்து, ஊன்றுகோலைக் கைமாற்றிக் கைமாற்றிப் பிடித்துக்கொண்டிருந்தாள். அண்ணன்காரன் பக்கத்தில் நின்று, அதைப் பார்க்காத மாதிரி பார்த்துக்கொண்டிருந்தான்.

அவன் தொழிற்சாலை பஸ் ஓட்டுகிறவன். கூட வேலை செய்கிறவர்கள் அவனுக்கு வைத்த பெயர் நத்தை. அவன் பஸ்ஸில் ஏறினால் வீட்டில் பாதியில் விட்ட தூக்கத்தை முடித்துவிடலாம் என்பார்கள். கிண்டல்தான். ஆனால் கர்ப்பிணிப் பெண்கள் முன்னால் வரும் பஸ்ஸை விட்டுவிட்டு அவன் பஸ்ஸுக்காக நிற்பார்கள். படிப்பு, சொந்த வீடு எதுவும் வாய்க்காத மனுஷனுக்கு அந்தப் பெயர்தான் சொத்து.

விபத்து நடந்த அன்று அவளை வேலைக்குக் கொண்டுபோய் விடத் தன் பழைய காரை எடுத்திருந்தான். திருப்பத்தில் ஏதோ லாரி சிந்திவிட்டுப் போன ஈரக் களிமண்ணில் சக்கரம் வழுக்கி, கார் மரத்தில் மோதியது. அது யார் லாரி என்பது கடவுளுக்குத்தான் வெளிச்சம். காருக்கு இன்சூரன்ஸ் இருந்தது, கூட வருகிறவர்களுக்கும் சேர்த்தேதான். ஆனால் ஓட்டினவன் மேல் தப்பிருந்தால்தான் கம்பெனி நஷ்டஈடு கொடுக்கும் என்றார் தங்கச்சிக்கு வாதாடும் வக்கீலம்மா.

“அப்ப நான் மோசமா ஓட்டினேன்னு ஆகணுமா?”

“ஆகணும்ணே. நீங்க ஒழுங்கா ஓட்டியிருந்தா இவங்க ஆபரேஷனுக்கு ஒரு பைசா வராது.”

இதற்கு நடுவில்தான் இன்சூரன்ஸ் கம்பெனி ஆள் ஒருவன் பஸ் நிறுத்துமிடத்துக்கு வந்து விசாரித்திருக்கிறான். இவன் லைசென்ஸுக்கு வேட்டு வைக்க வந்தவன் என்று நினைத்து, சக டிரைவர்கள் ஆளுக்கு ஆள் முந்திக்கொண்டு சாட்சி சொல்லிவிட்டார்கள். “எறும்பு குறுக்க போனாக்கூட ஹாரன் அடிச்சுட்டு, அது ஓரம் போற வரைக்கும் நிப்பான் சார்!” என்று ஒருவன் சத்தியமே செய்தானாம். சாயங்காலம் இவன் முதுகில் தட்டி, “உன்னைக் காப்பாத்திட்டோம்டா” என்றார்கள். நல்லது செய்யப் போய்த் தலையில் மண்ணை அள்ளிப் போட்டவர்களை என்ன சொல்வது? அவர்கள் வாங்கிக் கொடுத்த டீயைக் குடித்துவிட்டு வந்தான்.

உள்ளே கூப்பிட்டார்கள். முதலில் தங்கச்சி. “அண்ணன் வேகமா, கவனமில்லாம ஓட்டினாரு” என்று பாடம் ஒப்பிக்கிற குரலில் சொன்னாள். கம்பெனி வக்கீல் பொறுமையான ஆள்.

“இதுக்கு முன்னாடி எப்பவாவது அவர் வேகமா ஓட்டிப் பார்த்திருக்கீங்களாம்மா?”

“எங்கண்ணனா?”

வாய் முந்திவிட்டது. குரலில் ஒரு சிரிப்பு வேறு. கோர்ட்டே சிரித்தது. வக்கீலம்மா கண்ணை மூடிக்கொண்டார். தங்கச்சி உதட்டைக் கடித்துக்கொண்டு இறங்கினாள்.

அடுத்து அவன். அவனைச் சாட்சியாக அழைத்திருந்ததே கம்பெனிதான்.

“இத்தனை வருஷ சர்வீஸ்ல உங்க பஸ்ஸுல ஒரு கீறல்கூட இல்ல. உங்கள மாதிரி டிரைவர் கிடைக்கிறது கஷ்டம் சார்” என்றார் கம்பெனி வக்கீல். “எவனோ களிமண்ணக் கொட்டிட்டுப் போனா நீங்க என்ன பண்ணுவீங்க? உங்க மேல தப்பே இல்ல, இல்லையா?”

விபத்துக்குப் பிறகு யாராவது இந்த ஒரு வார்த்தையைச் சொல்ல மாட்டார்களா என்று எத்தனை நாள் ஏங்கியிருப்பான்! பெண்டாட்டி சொல்லவில்லை. தங்கச்சி புருஷன் முகம் கொடுத்தே பேசவில்லை. கடைசியில் எதிராளி வாயிலிருந்துதானா அது வர வேண்டும்? ‘ஆமாங்க’ என்று நுனிநாக்கில் நின்றது. தப்பை ஒப்புக்கொண்டால் இனி ஸ்டியரிங்கைத் தொட விடமாட்டோம், வாட்ச்மேனாகக் கேட்டில்தான் உட்கார வேண்டியிருக்கும் என்று தொழிற்சாலை மேனேஜர் வேறு சொல்லியிருந்தார். அவன் திரும்பிப் பார்த்தான். தங்கச்சி அங்கேயும் உட்காராமல் கதவோரம் நின்றுகொண்டிருந்தாள்.

“தப்பு என்னுதுதாங்க. களிமண்ண தூரத்துலயே பார்த்தேன். பிரேக்கத் தொடல.”

“எறும்புக்கு நிக்கிற ஆளா பிரேக் போடல?”

“அது பஸ்ஸுங்க. பஸ்ஸுல ஊரான் வீட்டுப் புள்ளைங்க வருவாங்க, பயமிருக்கும். இது நம்ம தங்கச்சிதானேன்னு அசால்ட்டா போயிட்டேன்.”

இந்தப் பொய்யை யாரும் சொல்லித்தரவில்லை. எங்கிருந்து வந்தது என்று அவனுக்கே தெரியவில்லை. யாரும் சிரிக்கவில்லை. நீதிபதி குனிந்து எழுதிக்கொண்டார். கம்பெனி வக்கீல் அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை. தீர்ப்புக்கு வேறு தேதி கொடுத்தார்கள். வெளியே வந்ததும் வக்கீலம்மா மட்டும், “நம்புற மாதிரி இருந்துச்சுண்ணே” என்றார்.

பழுது பார்த்த அதே காரின் பின்சீட்டில் காலை நீட்டிக்கொள்ள இடம் பண்ணி, தங்கச்சியை ஏற்றிக் கதவைச் சாத்தினான். காலையில் வரும்போது வீட்டு ஓட்டை உடைசலெல்லாம் பேசிக்கொண்டு வந்தவள் இப்போது வாயே திறக்கவில்லை. அசதியாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டான். கோர்ட்டில் சொன்னது பொய்யென்று அவளுக்குச் சொல்ல வேண்டுமா என்ன? கூடப் பிறந்தவளுக்குத் தெரியாதா?

“என்னம்மா, வலிக்குதா?”

“இல்லண்ணே.”

திருப்பம் வந்தது. எப்போதும் போல வெகு முன்னாலேயே பிரேக்கில் காலை வைத்தான். கண்ணாடியில் பார்த்தபோது, அவள் கை மெல்ல மேலே போய் ஜன்னலுக்கு மேலிருந்த கைப்பிடியைப் பற்றிக்கொண்டது. அவள் வெளியேதான் பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் இன்னும் வேகத்தைக் குறைத்தான். பின்னால் வந்த வண்டிகள் ஒவ்வொன்றாக ஹாரன் அடிக்கத் தொடங்கின. இன்னும் குறைத்தான். கார் ஏறக்குறைய நின்றேவிட்டது. கை இறங்கவில்லை.